டாக்கி (பேசும் படம்) வந்தபோது ஊமைப்படத்துக்காக வருந்தியவர்கள் பக்கம் நியாயம் இருந்ததா?

சிம்ஸ்பூங்கா வாசகர் (குன்னூர்) எழுதியது:

நம் சினிமா வரலாற்றை எழுதுகிறவர்கள் 1931ஆம் ஆண்டைத் தலைமேல் வைத்துக் கொண்டாடுகிறார்கள். மார்ச் 14 அன்று பம்பாய் மெஜஸ்டிக் தியேட்டரில் அர்தேஷிர் இரானியின் 'ஆலம் ஆரா'. அக்டோபர் 31 அன்று மதராஸ் கினிமா சென்ட்ரலில் எச்.எம். ரெட்டியின் 'காளிதாஸ்'. படம் பேசியது, பாடியது, கூட்டம் அலைமோதியது. அதே ஆண்டு ஜனவரி 30 அன்று லாஸ் ஏஞ்சல்ஸில் சாப்ளினின் 'சிட்டி லைட்ஸ்' வெளியானதை மட்டும் அந்தப் பக்கத்தில் யாரும் சேர்ப்பதில்லை. 'ஜாஸ் சிங்கர்' 1927 அக்டோபரில் வந்து மூன்று ஆண்டுகள் கடந்துவிட்டன. ஹாலிவுட் முழுக்கப் பேசிக்கொண்டிருந்தது. அந்த நேரத்தில் இசையும் சில ஓசைகளும் மட்டும் வைத்து, ஒரு வசனம்கூடப் பேசாமல் அவர் படத்தை முடித்தார்.

அவரைப் போலவே அந்த ஆண்டுகளில் ஊமைப்படத்துக்காக வருந்தியவர்கள் ஏராளம். நடிகர்கள், இயக்குநர்கள், கொட்டகையில் வாசித்த இசைக்கலைஞர்கள், சாதாரண ரசிகர்கள் எல்லோரும் அதில் உண்டு. இவர்களைப் புதுமைக்குப் பயந்தவர்கள் என்று ஒரு வரியில் ஒதுக்கிவிடுகிறோம். அது அநியாயம் என்பது என் கருத்து.

காரணத்தைச் சொல்கிறேன். அரைகுறையாகத் தட்டுத் தடுமாறிக்கொண்டிருந்த ஒன்றைத் தூக்கிவிட ஒலி வரவில்லை. முழுதாகப் பழுத்து நின்ற ஒரு கலையின் மேல் வந்து விழுந்தது. இயக்குநர் முர்னாவின் 'சன்ரைஸ்' 1927. ஜோன் ஆஃப் ஆர்க்கின் விசாரணையை வைத்து டிரேயர் எடுத்த படம் 1928. அதில் ஃபால்கொனெட்டி என்ற நடிகையின் முகம் திரை முழுவதும் நிற்கிறது. இமை ஓரத்தில் நீர் திரண்டு, தயங்கி, கன்னத்தில் இறங்குகிறது. நீதிபதிகள் கேட்கும் கேள்வி அவளுக்குள் போய்ச் சேர்வதையும், அவள் பதிலை யோசிப்பதையும், சொல்ல வேண்டாம் என்று முடிவெடுப்பதையும் அந்த முகத்திலேயே படித்துவிடலாம். இந்த உயரத்தைத் தொட்ட மறு வருடம் என்ன நடந்தது? ஓடும் சத்தம் மைக்கில் விழுந்துவிடும் என்று கேமராவை ஒலிபுகாத அறைக்குள் பூட்டினார்கள். 'சன்ரைஸ்' படத்தில் சதுப்பு நிலத்தின் மேலும் டிராமின் உள்ளும் மிதந்துகொண்டிருந்த கேமரா ஆணி அடித்ததுபோல் நின்றது. நடிகர்கள் பூச்சாடிக்குள் மறைத்த மைக்கைச் சுற்றி நின்று பேசினார்கள். கேமரா மறுபடி நடமாடச் சில ஆண்டுகள் பிடித்தன.

நம் மலைக்கும் இதற்கும் என்ன தொடர்பு என்று கேட்பீர்கள். தொடர்பு இருக்கிறது. நீலகிரியில் படகர், தோடர், கோத்தர், குறும்பர், இருளர் என ஒவ்வொருவருக்கும் தனி மொழி. அதற்கு மேல் தமிழ், கன்னடம், மலையாளம், துரைமார்களின் ஆங்கிலம். இத்தனை பேரையும் ஒரே திரையின் முன் சமமாக உட்காரவைக்க அன்று ஊமைப்படத்தால் மட்டுமே முடிந்தது. படம் பேசிய நாளில் அந்த உரிமை போய்விட்டது. திரைக்கு ஒரு மொழி வந்துவிட்டது; மற்ற மொழிக்காரர்கள் விருந்தாளிகளாகிவிட்டார்கள்.

இதில் உங்கள் கருத்துகளை எழுதுங்கள்.


லவ்டேல் ஆசிரியை எழுதியது:

ஐயா, டிரேயரைப் பற்றி நீங்கள் சொன்னதை மறுக்க மாட்டேன். 'சமமாக உட்கார்ந்தார்கள்' என்பதைத்தான் ஏற்க முடியவில்லை.

ஊமைப்படத்தில் எழுத்து அட்டைகள் உண்டு. வெளிநாட்டுப் படங்களில் அவை ஆங்கிலத்தில் இருந்தன. நம் நாட்டுப் படங்களில் ஒரே அட்டையில் இரண்டு மூன்று மொழிகளைப் போட்டார்கள். 1931 கணக்கெடுப்பின்படி இந்தியாவில் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள் பத்தில் ஒருவர்கூட இல்லை. பெண்களின் நிலை இன்னும் மோசம். அட்டை வந்ததும் கூட்டத்தில் பாதிக்கு மேல் என்ன நடக்கிறது என்று பக்கத்தில் இருப்பவரைக் கேட்டிருப்பார்கள். இதற்காகவே கொட்டகையில் ஒருவர் நின்று உரத்த குரலில் கதையைச் சொல்லிக்கொண்டு வருவார். படத்துக்குக் குரல் தேவைப்பட்டது. அதைத் திரைக்கு வெளியே ஒருவர் கொடுத்துக்கொண்டிருந்தார், அவ்வளவுதான்.

டி.பி. ராஜலட்சுமியை நினைத்துப் பாருங்கள். சிறு வயதில் திருமணம், அதன் பிறகு துன்பம், நாடக மேடையில் பாட்டு. 'காளிதாஸ்' படத்தில் அவர் குரல் தமிழில் ஒலித்தபோது, நம் மொழியும் அந்த இயந்திரத்துக்குள் போக முடியும் என்று நம் ஜனங்கள் முதல்முறையாகக் கண்டார்கள். மற்றவர்கள் தெலுங்கில் பேச, இவர் தமிழில் பாடினார் என்பதெல்லாம் யாருக்கும் குறையாகத் தோன்றவில்லை. 1936இல் அவரே 'மிஸ் கமலா' படத்தை இயக்கினார். ஊமைப்படக் காலம் இப்படி ஒரு தமிழ்ப் பெண்ணை நமக்குக் கொடுத்ததா? தொடக்கத்தில் பெண் வேடத்துக்குக்கூட ஆண்களைத்தான் தேடினார்கள். 1913இல் பால்கே எடுத்த 'ராஜா ஹரிச்சந்திரா'வில் தாராமதியாக நடித்தவர் சாளுங்கே என்ற ஆண்.

இன்னொன்று. கொங்கு நாட்டுக்கு ஊமைப்படத்தைக் கொண்டுவந்தவர் சாமிக்கண்ணு வின்சென்ட். திருச்சியில் ரயில்வே குமாஸ்தாவாக இருந்தவர், 1905இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடமிருந்து புரொஜெக்டரையும் படங்களையும் வாங்கி ஊர் ஊராகக் கூடாரம் போட்டார். 1914இல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் கட்டினார். டாக்கி வந்ததும் அவர் தலையில் கைவைத்து உட்காரவில்லை. ராஜலட்சுமி நடித்த 'வள்ளி திருமணம்' தயாரிப்பில் கைகோத்தார். பிறகு கோவை சென்ட்ரல் ஸ்டூடியோ தொடங்கியவர்களிலும் ஒருவரானார். அந்தக் காலத்து மனிதரே மாறியபோது நாம் ஏன் அவருக்காக வருந்த வேண்டும்?


கோத்தகிரி ஹட்டிக்காரன் எழுதியது:

எங்களைப் பற்றியும் இங்கே பேச்சு வந்திருப்பதால் ஒரு படகன் பேசுவதும் முறை.

என் தாத்தாவுக்கு ஊமைப்பட நடிகர் எட்டி போலோவின் சண்டைப் படங்கள் என்றால் உயிர். குதிரையிலிருந்து ரயிலுக்குத் தாவுவதையும், கூரை விட்டுக் கூரை பாய்வதையும் வயதான பிறகும் கையை வீசிச் செய்து காட்டுவார். அவற்றின் கதையை அவருக்கு யாரும் விளக்கியதில்லை. தேவையும் இருக்கவில்லை. டாக்கி வந்த பிறகு பார்த்தவற்றைப் பற்றி அவர் சொன்னது ஒன்றுதான்: பாட்டு, பாட்டு, பாட்டு. அந்தக் காலத்து நாடக மேடைத் தமிழும் கர்நாடக ராகமும் மலையில் உருளைக்கிழங்கு போட்டுக்கொண்டிருந்தவருக்கு எப்படிப் புரியும்? பேசும் படம் முதலில் தமிழ், தெலுங்கு, இந்தி என்று வந்தது. எங்கள் பேச்சில் வரவில்லை. முப்பதுகளில் மட்டுமல்ல, அதற்கப்புறம் வெகு காலத்துக்கும் வரவில்லை.

ஆசிரியை அம்மா, உங்கள் மொழிக்குக் கதவு திறந்தது என்பதில் எனக்கும் மகிழ்ச்சிதான். அந்தக் கதவு எங்கள் பக்கம் சாத்திக்கொண்டது என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.


பழைய ஆபரேட்டர் (ஊட்டி) எழுதியது:

நான் தியேட்டரில் படம் ஓட்டும் கேபினில் காலம் தள்ளியவன். கலை பற்றிப் பெரியவர்கள் பேசுங்கள். பிலிமில் ஒலி வந்ததும் என்ன மாறியது என்பதை நான் சொல்கிறேன்.

35 மில்லிமீட்டர் பிலிமில் இரு ஓரமும் துளைகள். நடுவில் படம். ஊமைப்படத்தில் துளைக்குத் துளை முழு இடமும் படத்துக்குத்தான்: 24 மில்லிமீட்டர் அகலம், 18 உயரம். ஒலி வந்ததும் ஒரு பக்க ஓரத்தில் பட்டை ஒன்றை அதற்கு ஒதுக்கினார்கள். படம் அந்த அளவுக்குச் சுருங்கியது. பிறகு உயரத்தையும் குறைத்துச் சரிக்கட்டினார்கள். குரலுக்கு இடம் படத்திலிருந்துதான் வெட்டி எடுக்கப்பட்டது. பழைய ஊமைப்படப் பிரதியை ஒலிப்படப் புரொஜெக்டரில் அப்படியே ஏற்றினால் ஒரு பக்கம் நிற்பவரின் தோள் வெட்டுப்படும்.

அடுத்தது வேகம். அந்தக் காலத்தில் கேமராவையும் கையால் சுற்றினார்கள், புரொஜெக்டரையும் கையால் சுற்றினார்கள். வினாடிக்கு 16 கட்டம் (கட்டம் என்பது பிலிமில் உள்ள ஒரு தனிப் படம்), 18, 20 என்று காட்சிக்குத் தக்கபடி ஓடும். ஒரு அடி பிலிமில் 16 கட்டங்கள் இருப்பதால், 16இல் சுற்றினால் வினாடிக்கு ஒரு அடி. ஆயிரம் அடி ரீல் பதினாறு நிமிடத்துக்கு மேல் வரும். சண்டை வந்தால் கை தானாக வேகமெடுக்கும். அழுகை வந்தால் தளரும். ஆபரேட்டர் என்பவர் அன்று வாத்தியக்காரருக்குச் சமம். ஒலி வந்ததும் இதெல்லாம் முடிந்தது. வேகம் கொஞ்சம் மாறினாலும் குரல் கீச்சிடும் அல்லது இழுக்கும். ஆகவே 24 கட்டம் என்று கட்டிவைத்து மோட்டாரிடம் கொடுத்துவிட்டார்கள். அதே ஆயிரம் அடி பதினொரு நிமிடத்தில் முடியும்.

கடைசியாக ஒட்டுவது. பிலிம் அறுந்தால் கிழிந்த கட்டங்களை வெட்டி, மருந்துப் பூச்சைச் சுரண்டி, பிலிம் சிமெண்ட் தடவி ஒட்டுவோம். ஊமைப்படத்தில் நாலு கட்டம் போனால் யாருக்கும் தெரியாது. டாக்கியில் அப்படி முடியாது. புரொஜெக்டரின் 'கேட்'டில், அதாவது விளக்கின் முன், நிற்கும் படத்துக்குரிய ஒலி சுமார் 20 கட்டம் தள்ளி, ஒலியைப் படிக்கும் சவுண்ட் ஹெட்டில் இருக்கும். நாம் வெட்டுவது ஒரு இடத்தின் படத்தையும் இன்னொரு இடத்தின் குரலையும். கதாநாயகி வாய் திறப்பாள், சொல் பாதியில் துண்டாகும், கீழே இருந்து விசில் வரும். கீறல் விழுந்த ஒலிப்பட்டை மழை போல இரையும். பிழையை மறைக்கும் வசதி ஊமைப்படத்துக்கு இருந்தது. பேசும் படத்துக்கு இல்லை.

நான் ஊமைப்படம் ஓட்டிய தலைமுறையைச் சேர்ந்தவன் அல்ல. இவை எனக்குத் தொழில் சொல்லிக் கொடுத்தவர் வாயிலிருந்து வந்தவை. கையால் சுற்றிய காலத்தைப் பற்றிப் பேசும்போதெல்லாம் அவருடைய வலது மணிக்கட்டு தானாகச் சுழலும்.


மஞ்சூர் மாணவன் எழுதியது:

ஆபரேட்டர் ஐயா, அப்படியென்றால் இணையத்தில் பார்க்கும் ஊமைப்படங்களில் எல்லோரும் துள்ளித் துள்ளி ஓடுவது ஏன்? வகுப்பில் அதைப் போட்டால் எல்லோரும் சிரிக்கிறார்கள்.


பழைய ஆபரேட்டர் (ஊட்டி) எழுதியது:

தம்பி, 16இல் எடுத்ததை 24இல் ஓட்டினால் அப்படித்தான் துள்ளும். எடுத்தவர்களும் நடித்தவர்களும் அப்படிச் செய்யவில்லை. சரியான வேகத்தில் ஒருமுறை பார், எந்த மனிதரும் உன்னையும் என்னையும் போலத்தான் நடப்பார். ஊமைப்படத்தைக் கேலிப்பொருளாக்கியதில் பெரும்பங்கு இந்தத் தவறான வேகத்துக்கு உண்டு.


சிம்ஸ்பூங்கா வாசகர் எழுதியது:

ஆபரேட்டர் ஐயா எழுதியதைப் படித்த பிறகு நான் சொல்ல வந்தது இன்னும் தெளிவாகிறது. ஊமைப்படம் ஒருநாளும் ஊமையாக ஓடியதில்லை. கதை சொல்பவர், ஆர்மோனியம், தபேலா, துரைமார் அரங்கில் பியானோ, கேபினில் சுற்றும் கை. ஒவ்வொரு காட்சியும் அன்று அங்கே கூடியவர்களுக்காகப் புதிதாக நடந்தது. ஆசிரியை அம்மா கதை சொல்பவரைக் குறைக்கு ஒட்டுப்போட்டவராகப் பார்க்கிறார். எனக்கு அவர் ஒரு கலைஞர். திரையில் ஓடும் வெள்ளைக்காரக் கதையை அன்றைக்கு வந்த கூட்டத்தின் பேச்சிலேயே சொல்ல அவரால் முடிந்தது.

ஜப்பானில் இந்தக் கதைசொல்லிகள் நட்சத்திரங்களாக இருந்தார்கள். ரசிகர்கள் நடிகருக்காக வந்ததுபோலவே கதை சொல்பவருக்காகவும் வந்தார்கள். டாக்கி வந்ததும் வேலை பறிபோக, வேலைநிறுத்தம் செய்து பார்த்தார்கள். பலிக்கவில்லை. இயக்குநர் அகிரா குரோசாவாவின் அண்ணன் ஹெய்கோ அத்தகைய கதைசொல்லி. 1933இல் அவர் தற்கொலை செய்துகொண்டார். தம்பிக்கு உலக சினிமாவைக் கைபிடித்துக் காட்டியவர் அவர்தான். அமெரிக்காவிலோ தியேட்டர் இசைக்குழுக்கள் கூட்டம் கூட்டமாக வெளியேற்றப்பட்டன. அவர்களுடைய சங்கம் பத்திரிகைகளில் விளம்பரம் கொடுத்து மக்களிடம் முறையிட்டது. அதுவும் பலிக்கவில்லை.

நம் நாட்டிலும் அடி விழுந்தது. சுலோசனா என்ற பெயரில் கொடிகட்டிப் பறந்த ரூபி மையர்ஸ், தொலைபேசி ஆபரேட்டராக இருந்து நடிக்க வந்தவர். டாக்கி வந்ததும் இந்துஸ்தானி கற்றுக்கொள்வதற்காகவே ஒதுங்கியிருந்து திரும்பினார். 'ஆலம் ஆரா'வின் கதாநாயகன் மாஸ்டர் விட்டல் சண்டைப் படங்களின் ராஜா. மொழி உச்சரிப்பு சரிவரவில்லை என்று அந்தப் படத்திலேயே அவரைப் பெரும்பகுதி மயக்கத்தில் கிடக்கும் பாத்திரமாக்கிவிட்டார்கள். குதிரையேறவும் வாள் வீசவும் தெரிந்தவரைப் படுக்கவைத்துப் பேசும் படம் எடுத்தார்கள்! இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு பொறுப்பதில்லை.


வெலிங்டன் அக்கா எழுதியது:

எல்லோரும் எத்தனையோ மொழிகளைப் பற்றிப் பேசிவிட்டீர்கள். என் தம்பிக்குப் பிறவியிலேயே காது கேட்காது. அவனுக்காக ஒன்று சொல்கிறேன்.

1927க்கு முன்னால் காது கேளாதவர்கள் தியேட்டரில் மற்றவர்களோடு ஒரே படத்தை ஒரே அளவுக்குப் பார்த்தார்கள். அட்டையைப் படிக்கத் தெரிந்தால் போதும். திரைக்குப் பின்னாலும் அவர்கள் இருந்தார்கள். கிரான்வில் ரெட்மண்ட் என்ற ஓவியர் காது கேளாதவர், சாப்ளினின் நண்பர். சாப்ளினின் சில படங்களில் நடித்தார், 'சிட்டி லைட்ஸ்' படத்தில் சிற்பியாக வருபவர் அவர்தான். எமர்சன் ரொமேரோ என்ற நடிகரும் காது கேளாதவர். ஒலி வந்ததும் அவருக்கு வாய்ப்பு போனது. ரசிகர்களாக இருந்த மற்றக் காது கேளாதவர்களுக்குப் படமே போனது. 1947இல் அவரே பேசும் படங்களின் ரீல்களை வாங்கி, காட்சிகளுக்கு நடுவே பழைய முறையில் எழுத்து அட்டைகளை ஒட்டிச் சேர்த்துக் காது கேளாதவர்களின் சங்கங்களுக்கு அனுப்பினார்.

தம்பி சிறுவனாக இருந்தபோது வீட்டில் தொலைக்காட்சி ஓடினால் எங்கள் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருப்பான். நாங்கள் சிரித்தால் சிரிப்பான். 'பேசும் படம்' என்று பெயர் வைத்து ஒரு வசனமும் இல்லாமல் சிங்கீதம் சீனிவாசராவ் எடுத்த, கமல்ஹாசன் நடித்த படம் ஒருநாள் ஓடியது. அன்று அவன் திரையைப் பார்த்தான். எங்களுக்கு முன்னால் சிரித்தான். நாங்கள் கவனிக்காமல் விட்ட ஒன்றை என் கையைத் தட்டிக் காட்டினான்.

டாக்கி வந்தபோது வருந்தியவர்கள் பக்கம் நியாயம் இருந்ததா என்பது இந்த இழையின் கேள்வி. என் பதில், இருந்தது.


லவ்டேல் ஆசிரியை எழுதியது:

அம்மா, இந்தக் கோணம் நான் படித்த எந்தச் சினிமா வரலாற்றிலும் இப்படி முன்னால் வைக்கப்படவில்லை. உங்கள் பதிவை என் மாணவர்களுக்குப் படித்துக் காட்ட அனுமதி வேண்டும்.

ராஜலட்சுமி விஷயத்தில் என் நிலை மாறாது. ஒன்று வந்ததற்காக மகிழ்வதும் ஒன்று போனதற்காக வருந்துவதும் ஒரே மனதில் இருக்கலாம் என்பதை ஒப்புக்கொள்கிறேன்.


இந்துநகர் மகள் எழுதியது:

எல்லோரும் திரையைப் பற்றிப் பேசுகிறீர்கள். நான் பிலிமைப் பற்றிப் பேசுகிறேன். அதைப் பேச நீலகிரியை விட்டால் வேறு ஊர் இல்லை.

என் அப்பா இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸில் பூச்சுப் பிரிவில் வேலை பார்த்தவர். 1960இல் தொடங்கி 1967இல் உற்பத்திக்கு வந்த தொழிற்சாலை அது. வெள்ளி உப்பை ஜெலட்டினில் கலந்து பிலிம் மேல் பூசும் இடத்தில் வெளிச்சம் கூடாது, தூசியும் கூடாது. அதற்காகத்தான் இந்தக் குளிர்ந்த மலையைத் தேர்ந்தெடுத்தார்கள். வீட்டில் ஒரு துண்டு பிலிம் கிடந்தாலும் எடுத்து ஓரத்தை உதட்டில் ஒற்றுவார். லேசாக ஒட்டிக்கொண்டால் அது மருந்துப் பக்கம். இருட்டில் பக்கம் தெரிந்துகொள்ளும் வழி அது. எனக்கும் அந்தப் பழக்கம் வந்துவிட்டது.

அப்பா காலத்து பிலிம் எளிதில் தீப்பிடிக்காத அசிட்டேட் வகை. ஊமைப்படங்கள் எடுக்கப்பட்டது நைட்ரேட் பிலிமில். பருத்தியை நைட்ரிக் அமிலத்தில் ஊறவைத்துச் செய்யும் நைட்ரோசெல்லுலோஸ்தான் அதன் அடிப்படை. அதே பொருளை இன்னும் வீரியமாகச் செய்தால் வெடிமருந்து. அருவங்காட்டில் நூறாண்டுக்கு மேலாக இருக்கும் கார்டைட் தொழிற்சாலையில் செய்வதும் இந்தக் குடும்பத்துப் பொருள்தான். ஒரே குடும்பத்துப் பொருள்; ஒரு வகை துப்பாக்கிக்கு, ஒரு வகை சினிமாவுக்கு.

நைட்ரேட் பிலிம் பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றி அணைக்க முடியாது. எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. எரியாவிட்டாலும் தப்பாது. வெப்பத்திலும் ஈரத்திலும் வைத்தால் படம் மங்கும், பிசுபிசுக்கும், தேன் போல வழியும், கடைசியில் பழுப்புப் பொடியாகும். அதுவரை காத்திருக்காதவர்கள் பழைய பிரதிகளை வெள்ளிக்காக உருக்க விற்றார்கள். டாக்கி வந்த பிறகு ஊமைப்படப் பிரதிக்கு யார் காசு கொடுப்பார்கள்? உள்ளே இருந்த வெள்ளிக்குத்தான் மதிப்பு.

மதராஸ் புரசைவாக்கத்தில் நடராஜ முதலியார் எடுத்த 'கீசகவதம்' தென்னிந்தியாவின் முதல் கதைப்படம். அது இன்று இல்லை. மோட்டார் உதிரிபாக வியாபாரத்தில் இருந்தவர், கேமரா பிடிக்கக் கற்றுக்கொண்டு, எல்லாவற்றையும் கையிலிருந்து போட்டு எடுத்தார். பிறகு தீ விபத்தில் மகனை இழந்து தொழிலையே விட்டுவிட்டார். இந்தியாவில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஊமைப்படங்கள் எடுக்கப்பட்டன. மிஞ்சியவற்றை ஒரே அலமாரியில் வைத்துவிடலாம். 2003இல் புனேயில் நைட்ரேட் ரீல்கள் இருந்த கிடங்கில் தீப்பிடித்து, மிஞ்சியதிலும் ஒரு பகுதி போனது.


செண்பகனூர்க்காரர் (கொடைக்கானல்) எழுதியது:

பழனி மலையிலிருந்து ஒரு சொல். எங்கள் ஊர் சூரிய ஆய்வகம் 1899இல் தொடங்கியது. ஜான் எவர்ஷெட் 1909இல் சூரியப் புள்ளிகளில் வாயு ஓட்டத்தைக் கண்டறிந்தது இங்கேதான். மேகம் விட்ட நாளெல்லாம் சூரியனைப் படம் பிடித்துக் கண்ணாடித் தட்டுகளில் வைத்தார்கள். நூறாண்டுக்கு மேற்பட்ட தட்டுகள் இருக்கின்றன. இப்போது கணினியிலும் ஏற்றிவிட்டார்கள். 'கீசகவதம்' எடுத்த காலத்துச் சூரியன் நம்மிடம் பத்திரமாக இருக்கிறது. 'கீசகவதம்' இல்லை.

கண்ணாடி நிலைக்கும், நைட்ரேட் நிலைக்காது என்பது உண்மை. ஆனாலும் தேதி எழுதி, உறையிலிட்டு, பெட்டியில் அடுக்கி, அடுத்தவரிடம் சாவியை ஒப்படைப்பது ஒருவரின் அன்றாட வேலையாக இங்கே இருந்தது. சினிமாவில் அந்த வேலைக்கு ஆளே இல்லை. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் வந்தது 1964இல்தான்.

இந்த இழையில் ஒரு விஷயம் கவனிக்கப்படாமல் போகிறது. 'ஆலம் ஆரா'வும் இன்று இல்லை. 'காளிதாஸ்' படமும் இல்லை. ராஜலட்சுமி அதில் பாடிய காட்சியை இனி யாரும் பார்க்க முடியாது. ஊமைப்படத்தைத் தின்ற அதே அலட்சியம் முதல் டாக்கிகளையும் தின்றது. ஆசிரியை அம்மாவும் சிம்ஸ்பூங்கா நண்பரும் எதிரெதிர்க் கட்சியாக வாதிடுகிறீர்கள், இருவருமே இழந்தவர்கள்.

பிழைத்த ஒன்றின் கதையைக் கேளுங்கள். நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தர்ராஜ் தயாரித்து, பி.வி. ராவ் இயக்கிய 'மார்த்தாண்ட வர்மா' 1933இல் வந்தது. டாக்கி வந்த பிறகும் எடுக்கப்பட்ட ஊமைப்படம். அது அதே பெயருள்ள நாவலின் கதை; நாவலின் உரிமை வைத்திருந்த பதிப்பகம் வழக்குப் போட்டது; படம் முடங்கியது. முடங்கிய பிரதி பதிப்பகத்திடமே கிடந்து, பின்னாளில் புனே காப்பகத்தை வளர்த்தெடுத்த பி.கே. நாயர் முயற்சியால் அங்கே வந்தது. ஓடியிருந்தால் தேய்ந்து உருகிப்போயிருக்கும். வழக்குதான் அதைக் காப்பாற்றியது.


கோத்தகிரி ஹட்டிக்காரன் எழுதியது:

பேசிக்கொண்டே இருப்பதைவிட ஒன்று செய்யலாம். மிஞ்சியதில் ஒரு படத்தைக் குன்னூரில் போடுவோம். நேரில் வாசிக்கும் இசையோடு. எங்கள் ஊர்ச் சாவுக்கும் திருவிழாவுக்கும் தலைமுறை தலைமுறையாகக் கோத்தர்கள் வாசித்திருக்கிறார்கள். முறைப்படி போய்க் கேட்போம். சம்மதித்தால் வாசிக்கட்டும், உரிய சம்பளத்தோடு.


சிம்ஸ்பூங்கா வாசகர் எழுதியது:

நல்ல யோசனை. என் தேர்வு பால்கேயின் 'காலிய மர்தன்', 1919. பெரும்பகுதி மிஞ்சியிருக்கிறது. குட்டிக் கண்ணனாக நடித்தது அவருடைய மகள் மந்தாகினி. படம் தொடங்கும்போது அந்தச் சிறுமியின் முகம் மட்டும் வரும். சிரிப்பு, கோபம், அழுகை என்று ஒவ்வொன்றாக மாறிக் காட்டும். முகத்தை வைத்து என்ன செய்ய முடியும் என்று நான் முதல் பதிவில் சொன்னதற்கு நம் நாட்டுச் சாட்சி அது. காளிங்கன் கதை தெரியாதவர்கள் மலையில் இல்லை.


லவ்டேல் ஆசிரியை எழுதியது:

அட்டைகளை நான் தமிழில் வாசிக்கிறேன். ஹட்டிக்காரர் படக மொழியில் வாசிக்கட்டும். தோடர், இருளர் நண்பர்கள் வந்தால் அவர்களும் வாசிக்கட்டும். கதை சொல்பவரைக் கலைஞர் என்று சொன்னீர்களே ஐயா, உங்கள் கூற்றை அன்று சோதித்துப் பார்ப்போம்.


வெலிங்டன் அக்கா எழுதியது:

வாசிப்பதோடு நிற்காதீர்கள். அட்டை வாசகங்களைத் தமிழில் பெரிய எழுத்தில் அச்சிட்டு வாசலில் கொடுங்கள். இசைக்காரர்கள் திரையை மறைக்காமல் ஓரத்தில் உட்காரட்டும். கொட்டுகிற கை தெரியும்படி அவர்கள் மேல் சிறு விளக்கு இருக்கட்டும். தம்பி முன்வரிசையில் இருப்பான்.


பழைய ஆபரேட்டர் (ஊட்டி) எழுதியது:

அக்கா சொன்ன விளக்கை நான் கட்டிக் கொடுக்கிறேன். திரைமேல் வெளிச்சம் சிந்தாமல் மூடி போட வேண்டும். காப்பகத்தில் கேட்கும்போது வேகத்தைச் சரிசெய்த பிரதியாகக் கேளுங்கள். 24இல் ஓடுவதைக் கொடுத்தால் வாங்காதீர்கள். மஞ்சூர்த் தம்பி முதல்நாள் சோதனை ஓட்டத்துக்கு வந்துவிட வேண்டும்.